உறுமுகிற ஜூலியும் தரையில் உட்கார்ந்த டாக்டரும்

கேள்வி:

எங்கள் ஜூலிக்கு ஏழு வயது. லாப்ரடார் நாய். குட்டியிலிருந்து வளர்க்கிறோம். பிள்ளைகள் மேலே விழுந்து புரண்டாலும் சும்மா கிடப்பாள். ஆறு மாதமாக ஆளே மாறிவிட்டாள். காரில் ஏற்றத் தூக்கினால் உறுமுகிறாள். படுத்திருக்கும்போது பக்கத்தில் போனால் முறைக்கிறாள். போன மாதம் என் பத்து வயது மகன் கட்டிப்பிடித்தபோது அவன் கையைக் கவ்விவிட்டாள். தோல் கிழியவில்லை. ஆனாலும் வீடே பயந்துபோய்விட்டது. தெரிந்த பயிற்சியாளர் ஒருவர், "உங்கள் வீட்டுக்குத் தலைவி ஆகப் பார்க்கிறாள், உறுமினால் கழுத்துப்பட்டையைச் சுண்டி இழுத்து அடக்குங்கள்" என்றார்.

பழைய டாக்டர் வேறு ஊருக்குப் போய்விட்டதால் புதிய டாக்டரிடம் கூட்டிப்போனோம். அவர் இருபது நிமிடம் ஜூலியைத் தொடவே இல்லை. தரையில் உட்கார்ந்துகொண்டு, எங்கே தூங்குகிறாள், படி எப்படி ஏறுகிறாள், இடிச் சத்தத்துக்குப் பயப்படுகிறாளா என்று கேட்டுக்கொண்டே இருந்தார். கடைசியில் லேசாகத் தடவிப் பார்த்துவிட்டு, மூன்று வாரத்துக்கு வலி மாத்திரை எழுதினார். வீட்டில் நடப்பதை வீடியோ எடுத்து வரச் சொன்னார். அடுத்த முறை வரும்போது பயம் குறைய ஒரு மாத்திரை கொடுத்துக் கூட்டிவரச் சொன்னார். பழைய டாக்டர் என்றால் இரண்டு பேரை விட்டுப் பிடித்து ஐந்து நிமிடத்தில் எல்லாவற்றையும் முடித்துவிடுவார். ஜூலி நொண்டவே இல்லையே, எதை வைத்து வலி என்கிறார்? உடம்பைப் பார்க்க வேண்டியவர் குணத்தை விசாரித்துக்கொண்டிருந்தால் எப்படி? நாங்கள் போக வேண்டியது டாக்டரிடமா, பயிற்சியாளரிடமா?

பதில்:

அந்த இருபது நிமிடமும் பரிசோதனைதான் நடந்தது. உங்களுக்கு அது பேச்சாகத் தெரிந்திருக்கும்.

உங்களோடு பேசிக்கொண்டே அவர் எதையெல்லாம் பார்த்திருப்பார் என்று என்னால் சொல்ல முடியும். நானும் அதையேதான் செய்கிறேன். உள்ளே நடந்து வரும்போது எந்த முன்காலை ஊன்றினால் தலை மேலே போகிறது? உட்காரும்போது இரண்டு தொடையும் உடம்புக்கு அடியில் ஒழுங்காக மடங்குகின்றனவா, இல்லை ஒரு பக்கம் சரிந்து ஒரு காலை வெளியே நீட்டிக்கொள்கிறாளா? எழுந்திருக்கும்போது பின்காலை உந்தி எழுகிறாளா, முன்காலால் உடம்பை இழுத்துக்கொண்டு எழுகிறாளா? நீட்டிய தின்பண்டத்தை வாங்குகிறாளா? வாங்கினால் எப்போதும்போல மெதுவாக வாங்குகிறாளா, விரலோடு சேர்த்துப் பிடுங்குகிறாளா? லாப்ரடார் ஒன்று தின்பண்டத்தை வேண்டாம் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டால், நான் ஸ்டெதஸ்கோப்பைக் கழற்றி மேஜை மேல் வைத்துவிடுவேன். அந்த நிமிடத்தில் அதன் பயம் எவ்வளவு என்பது அதிலேயே தெரிந்துவிடும்.

தொட ஆரம்பித்தால் இதில் பாதி காணாமல் போய்விடும். பயந்த நாய் பெரும்பாலும் நொண்டாது. பயத்தில் சுரக்கும் அட்ரினலின் வலியை அமுக்கி வைத்துவிடும். வீட்டில் இரண்டு மாதம் நொண்டிய நாய், மருத்துவமனை வாசலைத் தாண்டியதும் குதிரை மாதிரி நடக்கும். கூட்டிவந்தவர், "டாக்டர், சத்தியமாக வீட்டில் நொண்டினான்" என்று சங்கடப்படுவார். வீடியோ கேட்பது இதற்காகத்தான். வீட்டுப் படியில் ஏறுவதை 30 விநாடி எடுத்துக் காட்டினால், என் மேஜையில் அரைமணி நேரம் தடவிப் பார்த்தாலும் தெரியாத ஒன்று தெரிந்துவிடும்.

ஜூலி நொண்டவில்லை என்பதற்கு இன்னொரு காரணமும் இருக்கலாம். ஒரு கால் வலித்தால் பாரத்தை இன்னொரு காலுக்கு மாற்றும்போதுதான் நொண்டல் வருகிறது. இரண்டு இடுப்பு மூட்டும் வலித்தால் பாரத்தை எங்கே மாற்றுவது? அப்போது நாய் நொண்டாது. மெதுவாகும். படியேறும்போது பின்காலிரண்டையும் சேர்த்து முயல் மாதிரி வைக்கும். தாவ வேண்டிய இடத்தில் ஒரு கணம் நின்று யோசிக்கும். "வயசாகிவிட்டது, சோம்பல்" என்று வீட்டில் சொல்லிவிடுவார்கள். லாப்ரடாரில் இடுப்பு மூட்டுக் கோளாறும் முன்கால் முழங்கை மூட்டுக் கோளாறும் சாதாரணமாகப் பார்ப்பவைதான். உடம்பு எடை கூடியிருந்தால் இன்னும் சீக்கிரமே தொல்லை தரும்.

இப்போது உங்கள் கடிதத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். தூக்கினால் உறுமுகிறாள். கட்டிப்பிடித்தால் கவ்வுகிறாள். படுத்திருக்கும்போது ஆள் நெருங்கினால் முறைக்கிறாள். மூன்றிலும் பொதுவாக இருப்பது என்ன? முதல் இரண்டிலும் உடம்பு அழுத்தப்படுகிறது. மூன்றாவதில், எழுந்திருக்க வேண்டிவருமோ, இல்லை யாராவது மேலே விழுந்துவிடுவார்களோ என்ற கவலை. ஆறரை வருடம் சாந்தமாக இருந்த ஒரு பிராணி தொடுகைக்கு மட்டும் புதிதாகக் கோபப்படுகிறது. இந்தக் கதையைக் கேட்டதும் எனக்கு முதலில் தோன்றுவது வலி. உங்கள் டாக்டருக்கும் அதுதான் தோன்றியிருக்கிறது.

இடிச் சத்தத்தைப் பற்றி ஏன் கேட்டார் என்று உங்களுக்கு வியப்பாக இருந்திருக்கும். 2018இல் வெளியான ஓர் ஆய்வில் சத்தத்துக்குப் பயப்படும் 20 நாய்களை ஒப்பிட்டுப் பார்த்தார்கள். பத்துக்குத் தசை, எலும்பு, மூட்டு வலி இருந்தது. பத்துக்கு இல்லை. வலி இருந்த நாய்களுக்குச் சத்தப் பயம் சராசரியாக நான்கு வருடம் போலத் தாமதமாகத் தொடங்கியிருந்தது. சத்தம் கேட்டுத் திடுக்கிடும்போது தசை சட்டென்று இறுகுகிறது, ஏற்கெனவே நோகும் மூட்டு இன்னும் நோகிறது, நாய் அந்த வலியைச் சத்தத்தோடு முடிச்சுப்போட்டு நினைவில் வைத்துக்கொள்கிறது என்பது அவர்கள் தந்த விளக்கம். சின்ன ஆய்வுதான். ஆனால் நடுத்தர வயதில் திடீரென்று இடிக்குப் பயப்பட ஆரம்பித்த நாய் வந்தால், அதற்குப் பிறகு நான் முதுகையும் இடுப்பையும் தடவிப் பார்க்காமல் விட்டதில்லை. இங்கிலாந்தின் லிங்கன் பல்கலைக்கழகத்தில் விலங்கு நடத்தை மருத்துவம் பார்க்கும் டேனியல் மில்ஸ் குழுவினர் 2020இல் எழுதியது இன்னும் கூர்மையானது: நடத்தைப் பிரச்சினை என்று அவர்களுக்கு அனுப்பப்படும் நாய், பூனைகளில் குறைந்தது மூன்றில் ஒரு பங்கில் ஏதோ ஒரு வலி சம்பந்தப்பட்டிருக்கிறது. சில இடங்களில் அது 80 சதவீதத்தையே தொடுகிறது.

கடைசியில் "லேசாகத் தடவிப் பார்த்தார்" என்று எழுதியிருக்கிறீர்கள். அந்தத் தடவலைக் கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பார்ப்போம். கழுத்திலிருந்து தொடங்கி, முதுகெலும்பின் இரு பக்கமும் விரல் நுனிகள் மெதுவாகக் கீழே இறங்கும். தோள் தாண்டி, விலா தாண்டி வரும்வரை நாய் மூச்சிரைத்துக்கொண்டே இருக்கும். இடுப்புக்கு மேலே ஓர் இடத்தில் கை வந்ததும் மூச்சிரைப்பு நின்றுவிடும். வாய் மூடும். நாக்கு ஒருமுறை வெளியே வந்து மூக்கை நக்கிவிட்டு உள்ளே போகும். தலை கைப்பக்கம் திரும்பாது, கண் மட்டும் திரும்பும். கண்ணின் வெள்ளை ஓரமாகப் பிறை போலத் தெரியும். அவ்வளவுதான். கத்தவில்லை, கடிக்கவில்லை. மூன்று விநாடிதான் ஆகியிருக்கும். நாய்களைப் படித்தவருக்கு இது "அங்கே வேண்டாம்" என்று வாய்விட்டுச் சொன்ன மாதிரி. இரண்டு பேர் அழுத்திப் பிடித்திருக்கும் நாயிடம் இந்த மூன்று விநாடி கிடைக்கவே கிடைக்காது. உடம்பு முழுக்கப் பலகை மாதிரி விறைத்திருக்கும். எந்த இடத்தை அழுத்தினாலும் ஒரே பதில்தான் வரும்.

வயிறும் அப்படித்தான். பயத்தில் இறுகிய வயிற்றுக்கும் வலியில் இறுகிய வயிற்றுக்கும் கையில் வித்தியாசம் தெரியாது. இதயத் துடிப்பு, மூச்சு, ரத்த அழுத்தம் எல்லாமே பயத்தில் ஏறும். கொஞ்ச நேரம் காருக்குள் மூச்சிரைத்துக்கொண்டிருந்தால் உடம்புச் சூடுகூட ஏறிவிடும். ஆக, நடத்தையைப் பார்க்காத டாக்டர் எடுக்கும் எண்கள் நோயாளியின் எண்களா, பயத்தின் எண்களா என்று அவருக்கே தெரியாது.

இந்தப் பாடம் எனக்கு ஒரு பூனையால் வந்தது. வேலைக்குச் சேர்ந்து இரண்டாவது வருடம். எடை குறைகிறது என்று ஒரு பூனையைக் கூட்டிவந்தார்கள். கூடையிலிருந்து வரமாட்டேன் என்றது. பிடரியைப் பிடித்து இழுத்து, துண்டில் சுருட்டி, இரண்டு முறை ஊசி தவறி மூன்றாவது முறை ரத்தம் எடுத்தேன். சர்க்கரை 280. சிறுநீரிலும் கொஞ்சம் சர்க்கரை. சர்க்கரை நோய் என்று சொல்லி, தினம் இரண்டு வேளை இன்சுலின் போட வேண்டிவரும் என்று அந்தப் பெண்ணை உட்காரவைத்து விளக்கியும் விட்டேன். மாலையில் என் மூத்த டாக்டர் குறிப்பேட்டைப் பார்த்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "ரத்தம் எடுக்கும்போது பூனை எப்படி இருந்தது?" பூனைக்குப் பதற்றத்திலேயே சர்க்கரை அந்த அளவு ஏறும் என்பது பரீட்சைக்குப் படித்ததுதான். கை வேலையாக இருந்தபோது ஞாபகம் வரவில்லை. முந்தைய ஒன்றிரண்டு வாரத்துச் சர்க்கரையின் சராசரியைக் காட்டும் ஃப்ரக்டோசமைன் பரிசோதனை செய்தோம். சரியாகவே இருந்தது. எடை குறைந்ததற்குக் காரணம் தைராய்டு. இன்சுலினைப் போட்டு அனுப்பியிருந்தால் சர்க்கரை தாழ்ந்து அந்தப் பூனை செத்திருக்கலாம். அன்றிலிருந்து என் குறிப்பேட்டில் ஒவ்வொரு எண்ணுக்கும் பக்கத்தில் பிராணி அப்போது எப்படி இருந்தது என்று ஒரு வார்த்தை எழுதுகிறேன். "அமைதி", "நடுக்கம்", "சீறல்" என்று.

பூனை என்று வந்துவிட்டதால், உங்கள் கேள்விக்குச் சற்று வெளியே போனாலும் பரவாயில்லை, வேறு வாசகர்களுக்காக ஒரு வார்த்தை. மணல் தட்டை விட்டு வெளியே சிறுநீர் போகும் பூனையைப் "பழிவாங்குகிறது" என்பார்கள். பூனைக்குப் பழிவாங்கத் தெரியாது. சிறுநீர்ப்பை அழற்சியாக இருக்கலாம். கிருமியும் கல்லும் இல்லாமல் பதற்றத்தாலேயே வரும் அழற்சிதான் பூனைகளில் அதிகம். அமெரிக்காவில் டோனி பஃபிங்டன் என்ற மருத்துவர் பல வருடம் இதையே ஆராய்ந்து, வீட்டுச் சூழலை மாற்றுவதையே சிகிச்சையாக வகுத்தார்: ஒளிய இடம், ஏறி உட்கார உயரம், தனித்தனித் தட்டுகள், ஒழுங்கான நேரம். வயதான பூனையாக இருந்தால் தட்டின் விளிம்பைத் தாண்ட மூட்டு வலிக்கலாம். 12 வயதைத் தாண்டிய 100 பூனைகளின் எக்ஸ்ரேயைப் பார்த்த 2002ஆம் ஆண்டு ஆய்வில் 90 பூனைகளுக்கு மூட்டுத் தேய்மானம் இருந்தது. ஆனால் ஆண் பூனை தட்டில் போய்ப் போய் உட்கார்ந்து முக்கி, சொட்டுக்கூட வரவில்லை என்றால், அன்றைக்கு நடத்தை, சூழல் என்று எதுவும் பேசக் கூடாது. சிறுநீர்க்குழாய் அடைத்திருக்கிறது. ஒன்றிரண்டு நாளில் உயிர் போய்விடும். நள்ளிரவானாலும் தூக்கிக்கொண்டு ஓடுங்கள்.

சரி, ஜூலியிடம் வருவோம்.

பயிற்சியாளர் சொன்னதை நான் ஏற்கவில்லை. கொஞ்சம் கடுமையாகவே சொல்கிறேன், மன்னிக்கவும். உறுமல் என்பது நாய் நமக்குத் தரும் முன்னறிவிப்பு. முதலில் முகத்தைத் திருப்புகிறது, உதட்டை நக்குகிறது, கொட்டாவி விடுகிறது. நாம் கவனிப்பதில்லை. உடம்பை விறைக்கிறது. அதையும் கவனிப்பதில்லை. பிறகுதான் உறுமுகிறது. அதற்கும் பட்டையைச் சுண்டினால், நாய் உறுமுவதை விட்டுவிடும், வலி மட்டும் அப்படியே இருக்கும். அடுத்த முறை உறுமல் இல்லாமல் நேராகக் கடி வரும். "எந்த அறிகுறியும் இல்லாமல் திடீரென்று கடித்துவிட்டது" என்று கூட்டிவரப்படும் நாய்களின் கதையைத் தோண்டினால், பல தடவை யாரோ உறுமலை அடித்து நிறுத்தியிருப்பார்கள்.

தலைவன், தலைவி என்கிற கதை எங்கிருந்து வந்தது தெரியுமா? ருடால்ஃப் ஷெங்கல் என்பவர் 1947இல் அடைத்துவைக்கப்பட்ட ஓநாய்களைப் பார்த்து எழுதியதிலிருந்து. ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத ஓநாய்களை ஒரே இடத்தில் போட்டு அடைத்தால் சண்டை போடத்தான் செய்யும். அந்தக் கருத்தைப் பிரபலமாக்கியவர்களில் ஒருவரான டேவிட் மீச், காட்டில் பல வருடம் ஓநாய்களைப் பார்த்த பிறகு, ஓநாய்க் கூட்டம் என்பது தாய், தகப்பன், பிள்ளைகள் கொண்ட குடும்பம்தான் என்று 1999இல் திருத்தி எழுதினார். ஓநாயே அப்படியில்லை என்று ஆனபிறகு நாய்க்கு அதைப் பொருத்துவது எப்படி? பென்சில்வேனியா பல்கலைக்கழகத்து ஆய்வாளர்கள் 2009இல் நாய் வளர்ப்பவர்களிடம் எந்த முறையை முயன்றீர்கள், நாய் என்ன செய்தது என்று கேட்டார்கள். அடித்தவர்கள், உதைத்தவர்களில் 43 சதவீதம் பேரிடம் நாய் பதிலுக்குச் சீறியது. மல்லாக்கப் புரட்டி அமுக்கியவர்களில் 31 சதவீதம் பேரிடம். உங்கள் வீட்டில் பத்து வயதுப் பையன் இருக்கிறான். இந்தச் சோதனையை உங்கள் வீட்டில் நடத்த வேண்டாம்.

பையனைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். தோல் கிழியாவிட்டாலும், நாய்ப் பல் பட்ட இடத்தைச் சோப்பு போட்டு ஓடும் தண்ணீரில் 15 நிமிடம் கழுவ வேண்டும், அன்றே மனித மருத்துவரிடம் காட்ட வேண்டும். வீட்டு நாயாக இருந்தாலும், தடுப்பூசி போட்ட நாயாக இருந்தாலும் இதை அவர்தான் முடிவு செய்ய வேண்டும். கவ்விப் பத்து நாள் கழித்தும் நாய் நல்லபடியாக இருந்தால், அன்றைக்கு அதன் எச்சிலில் வெறிநோய்க் கிருமி இருந்திருக்காது என்பது கணக்கு. ஜூலி ஒரு மாதமாக நன்றாக இருக்கிறாள், அதனால் அந்தக் கவலை உங்களுக்கு வேண்டாம். ஆனால் குணம் திடீரென்று மாறிய எந்தப் பிராணியிலும், குறிப்பாகத் தடுப்பூசி தவறியிருந்தால், முதலில் வெறிநோயை மனத்தில் வைப்பது எங்கள் தொழிலின் பாலபாடம். ஜூலியின் தடுப்பூசி அட்டையை எடுத்துத் தேதியைப் பாருங்கள்.

இந்த மூன்று வாரமும் பையன் கட்டிப்பிடிக்கக் கூடாது. படுத்திருப்பவளிடம் அவன் போகக் கூடாது. கூப்பிட்டால் அவள் எழுந்து வரட்டும், வராவிட்டால் விட்டுவிடட்டும். அவள் படுக்குமிடத்துக்கும் அவன் விளையாடும் இடத்துக்கும் நடுவே ஒரு தடுப்பு இருந்தால் நல்லது. காரில் ஏற்றத் தூக்காதீர்கள். வழுக்காத சாய்பலகை வையுங்கள். வழவழப்பான தரையில் அவள் நடக்கும் பாதையில் பாய் விரியுங்கள்.

அப்புறம் பழைய டாக்டரின் ஐந்து நிமிடம். அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் இல்லை. நானும் அப்படித்தான் கற்றுக்கொண்டேன். வாசலில் பதினைந்து பேர் காத்திருந்தால் அப்படித்தான் கை போகும். ஆனால் அந்த ஐந்து நிமிடத்துக்கான விலையை அடுத்த வருடம் ஜூலிதான் கொடுப்பாள். பயம் ஒரே தடவையில் பதிந்துவிடும். மறப்பதற்கு மாதக் கணக்கில் ஆகும். முதல் வருடம் இரண்டு பேர் பிடிக்க வேண்டும். அடுத்த வருடம் மூன்று பேர். அதற்கடுத்த வருடம் வாசலிலேயே உட்கார்ந்துகொள்ளும், இழுத்துக்கொண்டு வர வேண்டும். பிறகு வீட்டுக்காரர்களே சங்கடப்பட்டுக்கொண்டு கூட்டிவருவதை நிறுத்திவிடுவார்கள். பல்லில் சீழ் வைத்து, மூட்டு தேய்ந்து, கட்டி பெரிதான பிறகு வரும் பல பிராணிகளுக்குப் பின்னால் இப்படி ஓர் ஐந்து நிமிடம் இருக்கிறது. சோஃபியா யின் என்ற அமெரிக்க கால்நடை மருத்துவர் பயமுறுத்தாமல் கையாளும் முறைகளை ஒழுங்குபடுத்திச் சொல்லிக்கொடுத்த பிறகுதான் எங்களில் பலருக்குக் கண் திறந்தது. கால்நடைகளிடம் இதைவிட வெளிப்படையாகத் தெரியும். மாட்டின் தோளுக்கு முன்னால் போய் நின்றால் பின்வாங்கும், தோளுக்குப் பின்னால் நின்றால் முன்னே நடக்கும். அதைத் தெரிந்த ஆள் ஒருவர் தடியே எடுக்காமல் செய்வதை, தெரியாத நான்கு பேர் கத்திக் கத்தியும் செய்ய முடியாது.

பலவந்தமே கூடாது என்று நான் சொல்லவில்லை. ரத்தம் கொட்டிக்கொண்டு வரும் நாயிடம் நட்பு பேசிக்கொண்டிருக்க முடியாது. நான் எனக்குள் கேட்டுக்கொள்ளும் கேள்வி இவ்வளவுதான்: இது இன்றே, இப்போதே நடந்தாக வேண்டுமா? நகம் வெட்டுவது அடுத்த வாரம் நடக்கலாம். மூச்சுக்குழாயில் மாட்டியதை இப்போதே எடுக்க வேண்டும். நடுவில் இருக்கும் பெரும்பாலானவற்றுக்கு, போராடிக் களைத்த பிறகு மயக்க ஊசி போடுவதைவிட, போராட ஆரம்பிக்கும் முன்பே போடுவது பிராணிக்கும் நல்லது, என் விரலுக்கும் நல்லது.

அந்தப் பயம் குறைக்கும் மாத்திரையைப் பற்றி உங்கள் வரிகளில் ஒரு சந்தேகம் தெரிகிறது. நாய்களுக்கு நாங்கள் பெரும்பாலும் எழுதுவது டிராசடோன் அல்லது காபாபென்டின். இவை பதற்றத்தைத் தணிக்கும், கொஞ்சம் தூக்கம் வரும். முன்பு பரவலாக எழுதிய அசிப்ரோமசைன் வேறு மாதிரி. அது உடம்பைத் தளர்த்தும், பயத்தை அவ்வளவாகத் தொடாது. நாய் அசையாமல் கிடக்கும், ஆனால் நடப்பது எல்லாம் அதற்குத் தெரியும். சத்தத்துக்கு முன்பைவிட அதிகமாகத் திடுக்கிடும் நாய்களும் உண்டு. பார்ப்பவருக்கு அமைதியாகத் தெரியும் என்பதால்தான் இத்தனை காலம் அதை நம்பினோம். உங்கள் டாக்டர் எழுதியது எது என்று கேளுங்கள். எதுவாக இருந்தாலும், போகும் நாளுக்கு முன்பே வீட்டில் சும்மா இருக்கும் ஒரு நாளில் அதே அளவைக் கொடுத்துப் பாருங்கள். எவ்வளவு நேரத்தில் வேலை செய்கிறது, தள்ளாடுகிறாளா என்று குறித்துக்கொண்டு போனால் அளவைச் சரிசெய்ய அவருக்கு எளிது. மனிதர்களுக்கான திரவ மருந்தை மாற்றாக வாங்கிவிடாதீர்கள். சிலவற்றில் இனிப்புக்காகச் சைலிட்டால் இருக்கும், அது நாய்க்கு விஷம்.

வலி மாத்திரைக்கும் அதே எச்சரிக்கை உண்டு. மூன்று வாரத்துக்குக் கொடுத்திருப்பதன் நோக்கம் சிகிச்சை மட்டுமில்லை, அது ஒரு சோதனையும்கூட. வலி குறையும்போது உறுமலும் குறைந்தால், உறுமலுக்குக் காரணம் என்னவென்று தெரிந்துவிடும். ரத்தப் பரிசோதனை செய்தாரா என்று நீங்கள் எழுதவில்லை. ஏழு வயது நாய்க்கு இந்த வகை மாத்திரையைத் தொடர்ந்து கொடுப்பதற்கு முன் சிறுநீரகம், ஈரல் எப்படி இருக்கின்றன என்று பார்த்துக்கொள்வது நல்லது. கேளுங்கள், தவறாக நினைக்க மாட்டார். சாப்பிடாமல் போனால், வாந்தி எடுத்தால், மலம் கறுப்பாகப் போனால் மாத்திரையை நிறுத்திவிட்டு உடனே அவரைக் கூப்பிடுங்கள். வீட்டில் இருக்கும் மனித வலி மாத்திரையைக் கூடச் சேர்த்துக் கொடுக்கவே கூடாது. ஐபுப்ரோஃபென் நாயின் குடலையும் சிறுநீரகத்தையும் கெடுக்கும். பாராசிட்டமால் பூனைக்கு ஒரே மாத்திரையில் எமன்.

இந்த மூன்று வாரத்தில் நீங்கள் சொல்லிக்கொடுக்க ஒரு வேலை இருக்கிறது: வாய்ப்பூட்டு. முகத்தைச் சுளிக்காதீர்கள். கூடை மாதிரி, உள்ளே வாயைத் திறந்து மூச்சிரைக்கவும் தண்ணீர் குடிக்கவும் முடிகிற வகையாகப் பார்த்து வாங்குங்கள். இறுக்கிக் கட்டும் துணிப்பட்டை வேண்டாம். முதல் இரண்டு நாள் அதைத் தரையில் வைத்து, அதற்குள் தின்பண்டத்தைப் போடுங்கள். அவளாக மூக்கை விடட்டும், எடுத்துக்கொள்ளட்டும், போகட்டும். பிறகு கையில் பிடித்துக்கொண்டு அதையே செய்யுங்கள். மூக்கு உள்ளே இருக்கும்போது இன்னொன்று, இன்னொன்று என்று கொடுத்து அங்கேயே இருக்கவையுங்கள். வாரை மாட்டுவது ஐந்தாறு நாள் கழித்துத்தான், அதுவும் ஒரு நொடி. முகத்தைப் பின்னால் இழுத்தாள் என்றால் நீங்கள் ஒரு படி அவசரப்பட்டுவிட்டீர்கள் என்று அர்த்தம். முந்தைய படிக்குத் திரும்பிப் போங்கள். இரண்டு வாரத்தில் வாய்ப்பூட்டை எடுத்ததும் வாலாட்டிக்கொண்டு ஓடிவரும் நாய்களைப் பார்த்திருக்கிறேன். மருத்துவமனையில் மூன்று பேர் முரட்டுத்தனமாக மாட்டும் வாய்ப்பூட்டும், தானே வந்து மூக்கை நுழைக்கும் வாய்ப்பூட்டும் பெயரளவில்தான் ஒன்று.

போகும் நாளில் முன்கூட்டியே போன் செய்து, கூட்டம் குறைந்த நேரம் கேளுங்கள். காத்திருக்கும் அறையில் உட்கார வேண்டாம். காருக்குள்ளேயே இருங்கள், முறை வந்ததும் கூப்பிடச் சொல்லுங்கள். கொஞ்சம் பசியோடு கூட்டிப்போங்கள். எக்ஸ்ரே எடுக்க மயக்கம் தேவைப்படும் என்றால் வெறும் வயிறாக இருக்க வேண்டியிருக்கும், அதை முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். மேஜை மேல் ஏற்ற வேண்டாம், தரையிலேயே பாருங்கள் என்று கேட்கலாம். தரையில் உட்காரும் டாக்டர் என்பதால் அதை நீங்கள் கேட்க வேண்டியிருக்காது.

டாக்டரா, பயிற்சியாளரா? முதலில் டாக்டர். வலி இருக்கிறதா இல்லையா என்று தெரியாமல் தரும் பயிற்சி, உள்ளே ஆணி குத்தும் செருப்பைப் போட்டுவிட்டு நடை பழக்குவது மாதிரி. வலி அடங்கிய பிறகும் பழக்கம் மிஞ்சும். ஆறு மாதம் தொடுகைக்குப் பயந்தவள் ஒரே நாளில் மறக்க மாட்டாள். அப்போது பயிற்சியாளர் வேண்டும், ஆனால் வேறு ஒருவர். முதல் சந்திப்பில் அவரிடம் ஒரு கேள்வி கேளுங்கள்: "நாய் சரியாகச் செய்தால் என்ன கொடுப்பீர்கள், தவறாகச் செய்தால் என்ன செய்வீர்கள்?" இரண்டாவது கேள்விக்குப் பட்டை, சங்கிலி, அதட்டல் என்று பதில் வந்தால் எழுந்து வந்துவிடுங்கள். வலியே இல்லை என்று எக்ஸ்ரேயும் பரிசோதனையும் மூன்று வார மாத்திரையும் சொன்னால், நடத்தையில் தனிப் பயிற்சி பெற்ற கால்நடை மருத்துவரிடம் அனுப்பச் சொல்லிக் கேளுங்கள். பதற்றமே நோயாக வரும் நாய்களும் இருக்கின்றன, அதற்கும் மருந்து உண்டு.

இன்று மாலையே முதல் வீடியோவை எடுங்கள். படி ஏறுவது ஒன்று, படுத்திருந்து எழுவது ஒன்று, பக்கவாட்டிலிருந்து நடப்பது ஒன்று. கூப்பிடாமல், தின்பண்டம் காட்டாமல், அவள் போக்கில் விட்டு எடுங்கள். மூன்று வாரம் கழித்து அதே படியில், அதே நேரத்தில் மறுபடி எடுத்து இரண்டையும் அடுத்தடுத்து ஓடவிட்டுப் பாருங்கள். எழும்போது பின்காலை உந்தி எழுகிறாளா என்பதை மட்டும் முதலில் கவனியுங்கள். என்ன தெரிந்தது என்று எனக்கும் எழுதுங்கள்.